எட்டு மணி நேரம் ஒரு கட்டடம்: சினிமாவா, சிசிடிவியா?

ஜனவரி 18, 2026, ஞாயிறு, இரவு 10:40

இங்கே படிக்கும் ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஐயா, அமெரிக்க ஓவியர் ஆண்டி வார்ஹோலின் ‘எம்பயர்’ படத்தைப் பற்றி முந்தாநாள் கேட்டது இது: “கட்டடத்துக்கு முன்னால் கேமராவை வைத்துவிட்டு எட்டு மணி நேரம் ஓடவிட்டால் அது சினிமாவா? சிசிடிவிதானே? சம்பளம் கொடுத்தால்தான் அதைப் பார்க்க ஆள் வரும்.”

ஐயா, அந்தச் சம்பளத்தை வாங்குகிறவன் நான்.

ஒன்பது வருடமாகச் சிங்கப்பூரில் கொண்டோ (தனியார் அடுக்குமாடிக் குடியிருப்பு) ஒன்றில் இரவு செக்யூரிட்டி வேலை. மாலை ஏழுக்கு ஏறினால் காலை ஏழுக்கு இறக்கம். கார்ட்ஹவுஸில் ஒரு பெரிய திரை, அதில் பதினாறு கட்டம், ஒவ்வொரு கட்டத்திலும் ஒன்றுமே நடக்காத ஓர் இடம். கார் நிறுத்துமிடம், மின்தூக்கி வாசல், நீச்சல் குளம், குப்பை அறைக் கதவு. நீங்கள் சொல்லும் ‘எம்பயர்’, 1964-இல் எடுத்தது, அதில் இருப்பது ஒரே கட்டம். எனக்குப் பதினாறு. அங்கே எட்டு மணி நேரம், இங்கே பன்னிரண்டு. ஆகவே இந்த விஷயத்தில் கொஞ்சம் சீனியர் என்ற தோரணையில்தான் எழுதப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முழுப் படத்தையும் பார்த்தவன் இல்லை, அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். ஒரு மணி நேரத் துண்டு ஒன்றை நண்பர் தன் வீட்டுச் சுவரில் ஓட்டிக் காட்டினார். கறுப்பு வெள்ளை, சத்தம் கிடையாது, நியூயார்க்கின் எம்பயர் ஸ்டேட் கட்டடம் நிற்கிறது, நிற்கிறது, நின்றுகொண்டே இருக்கிறது. பத்தாவது நிமிடம் வாக்கில் என் கை தானாகப் பேனாவைத் தேடியது. எங்கள் வேலையில் ஒவ்வொரு ரோந்துக்கும் பிறகு நிகழ்வுப் புத்தகத்தில் ஒரு வரி எழுதவேண்டும்: ‘எல்லாம் சரி.’ அன்றைக்கும் எழுதியிருப்பேன், புத்தகம்தான் இல்லை.

சிசிடிவியும் இதுவும் ஒன்றா என்றால், எனக்கு ஒன்றாகப் படவில்லை. ஏன் என்று கேட்டால் சட்டென்று சொல்ல வரவில்லை. இரண்டிலும் எடுத்த நேரமும் ஓடும் நேரமும் ஒன்றுதான், வெட்டு ஒட்டு இல்லாத நிஜ நேரம். ஆனாலும் அங்கே உட்கார்ந்த ஒரு மணி நேரமும் இங்கே உட்காரும் ஒரு மணி நேரமும் வேறு வேறு கனம். யோசித்து எழுதுகிறேன். இன்று ஓய்வு நாள், தூக்கத்தை ராத்திரியில் தூங்கிப் பார்க்க ஆசை.

ஜனவரி 19, திங்கள், மாலை 4:15

திருத்தம். இங்கே படிக்கும் இன்னொருவர், தெம்பனிஸ் தம்பி, பிடித்துவிட்டார். ‘நிஜ நேரம்’ என்று நேற்று பெரிய தோரணையில் எழுதியது தப்பு.

படத்தை வினாடிக்கு 24 படச்சட்டம் என்ற வேகத்தில் எடுத்திருக்கிறார்கள், ஓட்டவேண்டியது 16 என்ற வேகத்தில். அதாவது எடுத்த ஒரு நிமிடம் திரையில் ஒன்றரை நிமிடம். 1964 ஜூலை 25 இரவு எட்டு மணி வாக்கில், டைம்-லைஃப் கட்டடத்தின் 41-ஆவது மாடியிலிருந்து ஆரம்பித்து, விடிவதற்கு ரொம்ப முன்னாடியே, மூன்று மணிக்குள் மூட்டை கட்டிவிட்டார்கள். நடுவில் பிலிம் சுருள் மாற்றிய நேரமும் உண்டு. அது போக மிச்சத்தை இழுத்து நீட்டியதில் கிடைத்ததுதான் 8 மணி 5 நிமிடம்.

இதைப் படித்ததும் எனக்கு ஏமாந்த கோபம் வரவில்லை, சிரிப்புத்தான் வந்தது. ஆள் நடந்தால், கார் ஓடினால், மெதுவாக ஓட்டுவதைக் குழந்தைகூடக் கண்டுபிடித்துவிடும். கட்டடத்தை மெதுவாக்கினால்? கட்டடம் கட்டடமாகவேதான் நிற்கும். காட்டிக்கொடுக்க அந்தச் சட்டத்துக்குள் இருப்பது ஒன்றே ஒன்றுதான், பக்கத்துக் கோபுரம் ஒன்றின் உச்சி விளக்கு. கால் மணிக்கு ஒருதரம் மின்னி மணி சொல்லும் விளக்கு அது. படத்தில் ஒரு மின்னலுக்கும் அடுத்ததற்கும் நடுவில் இருபத்திரண்டரை நிமிடம் ஆகவேண்டும். ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்த்தேனே, எனக்குத் தெரிந்ததா? இல்லை. பதினாறு கட்டம் பார்க்கும் சீனியர்!

நேரத்தை ஆள் தெரியாமல் களவாடுவது என்றால் எனக்கு அப்பா ஞாபகம் வந்துவிடும். 1981 டிசம்பர் 31 இரவு 11:30 மணிக்கு, மலேசியாவோடு ஒத்துப்போவதற்காக, சிங்கப்பூர்க் கடிகாரங்களை எல்லாம் அரை மணி முன்னால் தள்ளினார்கள். 11:30 அப்படியே 12 ஆகிவிட்டது. அப்பா அன்றைக்கு இரவு ஷிப்ட். “என் ஆயுசில் அரை மணி நேரத்தை முழுங்கிட்டானுங்க” என்று கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். அம்மா ஒவ்வொரு தடவையும் ஒரே பதில்தான் சொல்வார்: “வேலை அரை மணி மிச்சம்தானே, அதுக்கு ஏன் புலம்புறீங்க?”

ஜனவரி 20, செவ்வாய், காலை 8:05 (பஸ்ஸில்)

ஐயா எழுதியிருக்கிறார்: “கணக்குப் பாடம் நன்றாக இருந்தது. என் கேள்விக்குப் பதில் எங்கே? தவிர, ‘விநாடி’ என்று எழுதவும்.” சரிங்க ஐயா. கூடவே ஒரு தகவலும் தந்தார்: பழைய கணக்கில் விநாடி என்பது இப்போதைய ஒரு நொடி இல்லை. ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாடி. அப்படியென்றால் நாழிகை 24 நிமிடம், விநாடி 24 நொடி. தம்பி உடனே, “இங்கேயும் 24-ஆ, அதே பிலிம் வேகம்” என்று குதிக்கிறார். தற்செயல்தான் தம்பி, அதை வைத்து நாம்தான் முதலில் சினிமா கண்டுபிடித்தோம் என்று யாரும் கிளம்பிவிடாதீர்கள்.

ஜனவரி 21, புதன், மாலை 5:30

பதில் மாதிரி ஒன்று கிடைத்திருக்கிறது. ஒரு சம்பவம் சொல்லி வருகிறேன்.

கேமரா 4, மின்தூக்கி வாசல். தினமும் காலை 5:20-க்கு ஒரு சீன அங்கிள் வெளியே வருவார். வயது எண்பதுக்கு மேல் இருக்கும். மழை இருந்தாலும் இல்லாவிட்டாலும் கையில் குடை. கதவு திறந்ததும் வெளியே வரமாட்டார், ஒரு கணம் உள்ளேயே நிற்பார், அப்புறம் குடை நுனியால் தரையை ஒருதரம் தட்டிவிட்டு இறங்குவார். ஏன் தட்டுகிறார் என்று கேட்டதில்லை. ஆயிரம் தடவையாவது பார்த்திருப்பேன். போன வருடம் ஒருநாள் 5:20-க்கு வரவில்லை. 5:24-க்கு எனக்கு உட்கார முடியவில்லை. 5:30. மற்ற பதினைந்து கட்டமும் கண்ணில் படவே இல்லை. 5:45-க்கு வீட்டு இண்டர்காமை அழுத்திவிட்டேன். தூக்கத்தில் எழுந்த மகன், “அப்பா ஜோகூரில், அக்கா வீட்டில் இருக்கிறார்” என்று சொல்லிப் படாரென்று வைத்துவிட்டார். மறுநாள் என்மேல் புகார். நிர்வாகத்துக்கு விளக்கக் கடிதம் எழுதவேண்டியதாயிற்று. அங்கிள் மூன்றாம் நாள் திரும்பி வந்தார், குடையோடு.

இப்போது சாந்தால் அக்கெர்மன் எடுத்த ‘ஜான் டீல்மன்’ படத்துக்கு வருகிறேன். 1975, பெல்ஜியம், 201 நிமிடம். ஒரு விதவைத் தாயின் மூன்று நாட்கள். உருளைக்கிழங்கு உரிப்பது, பாத்திரம் கழுவுவது, படுக்கையைச் சரிசெய்வது, மகனுக்குச் சோறு போடுவது, எல்லாம் முழு நீளத்தில். மதியங்களில் வீட்டுக்கு ஆண்கள் வருகிறார்கள், காசு வைத்துவிட்டுப் போகிறார்கள், அதுவும் அந்த வேலைகளில் ஒரு வேலையாகவே நடக்கிறது. 2022-இல் பிரிட்டிஷ் பத்திரிகையான ‘சைட் அண்ட் சவுண்ட்’ விமர்சகர்களிடம் கேட்டபோது உலகின் தலைசிறந்த படம் என்று இதைத்தான் முதலிடத்தில் வைத்தார்கள். அந்தப் பட்டம் எனக்கு முக்கியமில்லை. முதல் நாள் பூராவும் அவள் எதை எப்படிச் செய்கிறாள் என்று நமக்குப் பழகிவிடுகிறது. இரண்டாம் நாள் உருளைக்கிழங்கு அதிகமாக வெந்துபோகிறது. அவ்வளவுதான் விஷயம். ஆனால் அந்தப் பானையைத் தூக்கிக்கொண்டு அவள் சமையலறைக்கும் வேறு இடத்துக்கும் அலைவதைப் பார்த்தபோது எனக்கு 5:24 வந்துவிட்டது. அதே வயிற்றுப் பிசைவு.

ஐயா கேட்ட ‘ஒன்றுமே நடக்காத’ நேரம், இப்படி ஒரு சின்ன விஷயம் பெரிதாகத் தெரிவதற்குக் கொடுக்கும் முன்பணம் என்று வைத்துக்கொள்ளலாம். வட்டி உண்டா என்றால், எல்லாப் படத்திலும் இல்லை.

ஜனவரி 23, வெள்ளி, காலை 9:10

நேற்று ஒரு கோமாளித்தனம் செய்தேன்.

பெரிய திரைக்குப் பக்கத்தில் சின்னத் திரை ஒன்று உண்டு, சந்தேகம் வந்தால் ஒரு கேமராவை மட்டும் பெரிதாக்கிப் பார்க்க. அதில் கேமரா 9-ஐ, நீச்சல் குளத்தை, போட்டேன். மூலையில் மணி, நிமிடம், நொடி என்று ஓடும் எண்ணை மஞ்சள் ஒட்டுத்தாளால் மறைத்துவிட்டேன். இரவு இரண்டு மணி.

முதலில் வழக்கமான குளம்தான். விளக்கு அணைத்த பிறகு இருட்டுக் கேமராவில் தண்ணீர் சாம்பல் நிறத் தகரம் மாதிரி கிடக்கும். எவ்வளவு நேரம் ஆனதோ தெரியவில்லை, ஆழமான பக்கத்தில் ஏதோ வெளுப்பாக இருப்பது கண்ணில் பட்டது. குழந்தைகள் கையில் மாட்டும் காற்று மிதவை, ஒற்றை. அது நகர்ந்துகொண்டிருந்தது. நகர்வது தெரியாது, கொஞ்சம் பார்வையை விலக்கி மறுபடி பார்த்தால் வேறு இடத்தில் இருக்கும். குளத்தின் குறுக்கே வந்து, படிக்கட்டுக் கம்பியில் முட்டி, அங்கேயே மெதுவாகச் சுற்றி, விடுபட்டு, வந்த பக்கமே திரும்பப் போனது. நான் அதோடு போய்வந்தேன் என்றுதான் சொல்லவேண்டும். ஒட்டுத்தாளைத் தூக்கிப் பார்த்தால் 2:50. இருபது நிமிடம் இருக்கும் என்று நினைத்திருந்தேன்.

ஒன்பது வருடத்தில் இப்படி எத்தனை மிதவை குளத்தைக் கடந்திருக்கும்? நான் மணியைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். காலையில் ரோந்தில் பார்த்தேன், ஆரஞ்சு நிறம், வாத்துப் படம் போட்டது.

(ஒட்டுத்தாளை மேற்பார்வையாளர் ஐந்து மணிக்குப் பார்த்துவிட்டு “இது என்ன?” என்றார். “கண் கூசுது சார்” என்றேன். அரை மனதாக நம்பினார்.)

ஜனவரி 23, வெள்ளி, மாலை 6:20, வேலைக்குக் கிளம்பும் முன்

காலையில் எழுதியதைத் திரும்பப் படித்தேன். மணி எண்ணை மறைத்ததால்தான் மிதவை தெரிந்தது என்கிற மாதிரி எழுதியிருக்கிறேன். பாதிதான் உண்மை. பெரிய திரையில் பதினாறு மணி எண்களும் ஓடிக்கொண்டுதான் இருந்தன, நான் அந்தப் பக்கம் பார்க்கவில்லை. அதாவது ஐம்பது நிமிடம் வேலையைச் சரியாகப் பார்க்கவில்லை. கலை அனுபவம் என்று இங்கே எழுதுவதற்கு அங்கே வேறு பெயர் உண்டு.

ஜனவரி 25, ஞாயிறு, மதியம் 1:30

இன்று ஓய்வு நாள், அதனால் சுத்தமான முறையில் ஒரு சோதனை. வீவக (அரசு அடுக்குமாடி) வீடு, பத்தாவது மாடி, பொதுத் தாழ்வாரத்தில் நாற்காலி போட்டு எதிர்ப் புளோக்கைப் பார்த்து உட்கார்ந்தேன். கைபேசி, கைக்கடிகாரம் இரண்டும் வீட்டுக்குள், மனைவியிடம். ஒரு மணி நேரம் ஆனதாகத் தோன்றும்போது எழுந்து வந்து கேட்பேன் என்று ஏற்பாடு. மனைவி, “ஒன்பது வருசமா அதைத்தானே பண்றீங்க” என்றார்.

ஒன்றுமே நடக்கவில்லை என்று சொல்லமாட்டேன். ஏழாவது மாடியில் மூங்கில் கழியில் துணி காயப்போட்டார்கள், ஒரு புறா ஏர்கான் பெட்டிமேல் உட்கார்ந்து எழுந்தது, வெயில் ஒரு சன்னலிலிருந்து அடுத்த சன்னலுக்குப் போனது. கால் மரத்துப்போய் எழுந்து வந்தேன். ஒரு மணி நேரம் தாண்டியிருக்கும், ஒன்றேகாலாகக்கூட இருக்கலாம் என்று உள்ளுக்குள் கொஞ்சம் பெருமை.

41 நிமிடம்.

ஜனவரி 26, திங்கள், காலை 8:40

ஐயா குறளோடு வந்துவிட்டார். “ஒருநாள் எழுநாள்போல் செல்லும்சேண் சென்றார் வருநாள்வைத்து ஏங்கு பவர்க்கு.” பிரிந்துபோனவர் வரும் நாளை எண்ணி ஏங்குகிறவருக்கு ஒரு நாள் ஏழு நாளாக நீளும். “உன் 41 நிமிடம் 60 ஆனது இதனால்தான். நீ எதிர்ப் புளோக்கைப் பார்க்கவில்லை, ஒரு மணி நேரத்தின் வருகையைப் பார்த்திருந்தாய்” என்கிறார். ஐயா, இது நெற்றியடி. ஒப்புக்கொள்கிறேன். அதே அதிகாரத்தின் முதல் குறளையும் பார்த்துவிட்டேன். வழி பார்த்துப் பார்த்து ஒளி மங்கிப்போன கண், நாள்களைச் சுவரில் குறித்துக் குறித்துத் தேய்ந்த விரல். இதைவிட நன்றாக நைட் ஷிப்டை யாரும் எழுதியதில்லை. அந்த விரல்தான் எங்கள் நிகழ்வுப் புத்தகம்.

உளவியலில் இதை இரண்டாகப் பிரிக்கிறார்கள். நேரத்தைக் கவனித்துக்கொண்டே இருந்தால் அது நீளும். நடந்து முடிந்த பிறகு திரும்பிப் பார்த்து அளக்கும்போது கணக்கு வேறு, நினைவில் தங்கிய மாற்றங்கள் எவ்வளவு அதிகமோ அவ்வளவு நீளமாகத் தோன்றும். அதனால்தான் பன்னிரண்டு மணி நேர ஷிப்ட் உள்ளே இருக்கும்போது யுகம், முடிந்து பஸ்ஸில் ஏறியதும் ஒன்றுமில்லை. ஒன்பது வருடம் எனக்கு ஒரு நீளமான ராத்திரியாகத்தான் ஞாபகம் இருக்கிறது. அங்கிளின் குடையும் இந்த மிதவையும் தவிர.

இன்னொரு திருத்தம், யாரும் கேட்காமலே: நேற்றைய சோதனையும் சுத்தமில்லை. எங்கள் வீட்டுப் பக்கம் எம்ஆர்டி ரயில் தரைக்கு மேலே ஓடும். ரயில் சத்தத்தை மனசுக்குள் எண்ணிக்கொண்டிருந்தேன். ஒன்றுக்கு ஐந்து நிமிடம் என்று போட்டேன். ஞாயிறு காலைதானே என்று நினைத்தது தப்பாகிவிட்டது. இரண்டு திசையிலும் வரும் ரயிலைச் சேர்த்து எண்ணியிருக்கிறேன்.

ஜனவரி 27, செவ்வாய், மாலை 4:50

தம்பி கேட்கிறார், கடிகாரம், ரயில், சூரியன் எதுவுமே இல்லாவிட்டால்? அதைச் செய்து பார்த்த மனிதர் ஒருவர் இருந்தார். மிஷேல் சிஃப்ர் என்ற பிரெஞ்சு நிலவியலாளர், 1962-இல் ஆல்ப்ஸ் மலைக் குகை ஒன்றில் தனியாக இரண்டு மாதம். மேலே இருப்பவர்களுக்குத் தொலைபேசியில் தான் எப்போது எழுந்தேன், எப்போது படுத்தேன் என்று சொல்வார், அவர்கள் மணி சொல்லக்கூடாது. செப்டம்பர் 14-ஆம் தேதி வெளியே கூப்பிட்டபோது அவர் கணக்கில் அன்றைக்கு ஆகஸ்ட் 20. நொடிக்கு ஒன்று வீதம் 120 வரை எண்ணச் சொன்னால் ஐந்து நிமிடம் எடுத்துக்கொண்டார். எனக்கு நேரம் நீண்டது, அவருக்குச் சுருங்கியிருக்கிறது. நான் காத்திருந்தேன், அவருக்குக் காத்திருக்க ஒன்றும் கண்ணில் படவில்லை. இப்படிச் சொன்னால் பொருந்துகிற மாதிரிதான் இருக்கிறது, ஆனால் குளிரும் இருட்டும் அவரை என்ன செய்ததோ, குகையையும் புளோக் தாழ்வாரத்தையும் ஒரே தராசில் வைக்கக் கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது.

ஜனவரி 29, வியாழன், காலை 8:20

சின்னச் சின்ன பதில்கள்.

‘எல்லாம் வெளிநாட்டுப் படம், நம் ஊரில் ஒன்றும் இல்லையா’ என்று கேட்ட அக்காவுக்கு: சிங்கப்பூர் இயக்குநர் டான் பின் பின் எடுத்த ‘80 கிமீ/மணி’ இருக்கிறது. சிங்கப்பூரின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் பிஐஇ விரைவுச்சாலையில் அதே வேகத்தில் ஒரு கார்ப் பயணம், ஒரே ஷாட். கதை, பேச்சு எதுவும் தேடாதீர்கள். நாடு முழுவதையும் ஒரு மணி நேரத்துக்குள் முடித்துவிடலாம் என்பது படமாகப் பார்க்கும்போது வேறு மாதிரி உறைக்கும். டாக்சி ஓட்டும் என் மச்சானிடம் காட்டினேன், “லேன் மாறவே இல்லையே, நல்ல டிரைவர்” என்றார்.

எங்கே பார்ப்பது? கோல்டன் மைல் டவரில் நடந்த ‘த புரொஜெக்டர்’ தியேட்டரை 2025 ஆகஸ்டில் மூடிவிட்டார்கள். கேனிங் ரைஸில் தேசிய ஆவணக் காப்பகக் கட்டடத்தில் ஓல்டம் தியேட்டர் இருக்கிறது, ஆசியத் திரைப்பட ஆவணகம் அங்கே படம் போடும். அட்டவணையைப் பார்த்துப் போங்கள்.

ஜனவரி 29, வியாழன், மாலை 5:15

கனடாக் கலைஞர் மைக்கேல் ஸ்னோவின் ‘வேவ்லெங்த்’ (1967) படம் பற்றி யாரும் பேசவில்லையே. 45 நிமிடம். நீளமான ஓர் அறை, எதிரே சன்னல்கள், கேமராவின் ஜூம் கொஞ்சம் கொஞ்சமாக எதிர்ச் சுவரை நோக்கி நெருங்குகிறது. கடைசியில் சுவரில் ஒட்டியிருக்கும் கடல் அலைப் படம் ஒன்றில் போய் முடிகிறது. கூடவே ஒரு ஊளைச் சத்தம், தணிந்து ஆரம்பித்துக் காதைத் துளைக்கும் அளவுக்கு ஏறிக்கொண்டே போகும். நடுவில் ஓர் ஆள் உள்ளே வந்து தரையில் விழுந்து சாகிறான். ஜூம் நிற்கவில்லை! அவனைச் சட்டத்துக்கு வெளியே விட்டுவிட்டு அது பாட்டுக்குப் போகிறது.

இதைப் பார்த்தபோது நான் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டேன். ஒன்பது வருடப் பழக்கம். என் வேலையில் அந்த ஜூமை நகர்த்தியவன் அன்றைக்கே உரிமம் இழப்பான். ஐயாவின் கேள்விக்கு இதைவிட நேரான பதில் என்னிடம் இல்லை: சிசிடிவி முன் உட்கார்ந்திருப்பவன் ஏதாவது நடந்தால் எழுந்து ஓடவேண்டும். அந்தக் கடமை தோளில் இருக்கும்வரை அந்த நேரம் என்னுடையது இல்லை. தியேட்டரில் யார் விழுந்தாலும் நான் உட்கார்ந்திருக்கலாம். அது கொஞ்சம் பயமாகவும் இருந்தது, அதையும் சொல்லவேண்டும்.

பிப்ரவரி 2, திங்கள், இரவு 9:30

நேற்று தைப்பூசம். மனைவி பால்குடம், நான் கூடவே நடந்தேன். சிராங்கூன் சாலை ஸ்ரீநிவாசப் பெருமாள் கோவிலிலிருந்து டேங்க் ரோடு தெண்டாயுதபாணி கோவில், சாதாரணமாக நடந்தால் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். நாங்கள் போய்ச் சேர மூன்றரை மணி நேரம் ஆனது.

தைவானில் இருக்கும் சாய் மிங்-லியாங், பிறந்தது சரவாக்கின் கூச்சிங்கில், 2012 முதல் ‘வாக்கர்’ என்று ஒரு வரிசைப் படங்கள் எடுக்கிறார். சிவப்புத் துறவி உடையில் லீ காங்-ஷெங் என்ற நடிகர், தலை குனிந்து, வெறுங்காலோடு, ஓர் அடி வைக்கப் பல நொடிகள் எடுத்துக்கொண்டு நடப்பார். சுற்றிலும் ஊர் வழக்கமான வேகத்தில் ஓடும். முதலில் அவர்தான் வினோதமாகத் தெரிவார். கொஞ்ச நேரம் போனால் மற்றவர்கள் எல்லாம் எதற்கு இப்படிப் பறக்கிறார்கள் என்று தோன்ற ஆரம்பிக்கும்.

நேற்று அது உல்டாவாக நடந்தது. மனைவிக்கு முன்னால் காவடி எடுத்தவர் ஒருவர், அவரது குதிகால் மட்டும்தான் எனக்குத் தெரிந்தது. தார் சூடு, அதன்மேல் யாரோ ஊற்றிய தண்ணீர், ஈரக் குதிகால் எழும், கொஞ்சம் மஞ்சள் ஒட்டியிருக்கும், மறுபடி பதியும், அந்தத் தடம் அடுத்த அடி வருவதற்குள் காய்ந்துவிடும். ஒரு தடம் காய்வதற்குள் இன்னொன்று. எவ்வளவு நேரம் அதைப் பார்த்தேன் என்று தெரியாது. பாலம் தாண்டியது ஞாபகம் இல்லை. மனைவியிடம் கேட்டேன், “எவ்வளவு நேரம் நடந்த மாதிரி இருந்தது?” “பால் சிந்தலியே, அதைப் பாருங்க” என்றார்.

பிப்ரவரி 3, செவ்வாய், காலை 8:30

பக்தியையும் கலைப் படத்தையும் ஒன்றாகப் போட்டுவிட்டேன் என்று ஒருவருக்கு வருத்தம். ஒன்று என்று சொல்லவில்லை. எனக்கு அலகு குத்தவில்லை, தலையில் குடம் இல்லை, நான் வெறும் கூட நடந்தவன். கூட நடந்தவனுக்கு நேரம் எப்படிப் போனது என்பதைத்தான் சொன்னேன்.

பிப்ரவரி 5, வியாழன், மாலை 5:40

தூக்கம் பற்றி ஒருவரும் கேட்கவில்லை, மரியாதைக்குக் கேட்காமல் விட்டிருப்பீர்கள். ஆமாம், ‘எம்பயர்’ துண்டில் நான் இரண்டு தடவை கண்ணயர்ந்தேன். ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமி, பார்வையாளர்கள் தன் படத்தில் தூங்கிப்போனால் தனக்கு வருத்தமில்லை என்ற பொருளில் பேசியிருக்கிறார். அவருடைய ‘ஃபைவ்’ (2003) கடற்கரையில் எடுத்த ஐந்து காட்சிகள்தான். ஒன்றில் அலை ஒரு மரத்துண்டோடு விளையாடும், அவ்வளவே. என் மிதவைக்கு அண்ணன் முறை.

எங்கள் வேலையில் தூங்கினால் சீட்டுக் கிழியும். ஆனால் கண் திறந்திருக்கும்போதே மனம் போய்விடும், அதை எந்தக் கேமராவும் பிடிக்காது. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் ராடார் பார்க்கும் ஆட்கள் நேரம் போகப்போகத் திரையில் இருப்பதைத் தவறவிட்டார்கள். நார்மன் மேக்வொர்த் என்பவர் அதைச் சோதிக்க ஒரு முள் உள்ள கடிகாரம் மாதிரி ஒன்றைச் செய்தார். எண் கிடையாது. முள் ஒவ்வொரு நொடியும் ஓர் அடி குதிக்கும், எப்போதாவது ஒருதரம் இரண்டு அடி குதிக்கும், அதைப் பிடிக்கவேண்டும். இரண்டு மணி நேரம். முதல் அரை மணியிலேயே ஆட்கள் தவறவிட ஆரம்பித்துவிட்டார்கள். 1948-இல் வெளியான ஆய்வு. படிக்கும்போது, இந்த முள்ளை மட்டும் யாராவது படமாக எடுத்து ஓட்டியிருந்தால் அதற்கும் விருது கொடுத்திருப்பார்கள் என்று தோன்றியது.

அரை மணிக்கு மேல் மனம் நழுவுவது என் குறை என்று இத்தனை வருடம் நினைத்திருந்தேன். வேலையில் அது குறைதான். படத்தில் அப்படி இல்லை என்று இப்போது படுகிறது. மனம் கிளம்பிப்போய், வாடகை பாக்கி, மகளின் பரீட்சை எல்லாம் சுற்றிவிட்டுத் திரும்பி வரும்போது கட்டடம் அங்கேயே நிற்கிறது. எதையும் தவறவிடவில்லை. சாதாரண சினிமாவில் இரண்டு நிமிடம் நழுவினால் பக்கத்து சீட்டில் கேட்கவேண்டும். இங்கே கட்டடம் அப்படியே நிற்பதைப் பார்க்கும்போதுதான், நாம் போய்விட்டுத் திரும்பி வந்தது தெரிகிறது, எவ்வளவு நேரம் இல்லாமல் இருந்தோம் என்றும். ஜனவரி 18-இல் ‘வேறு கனம்’ என்று எழுதி முடிக்கத் தெரியாமல் விட்டது இதைத்தான் என்று நினைக்கிறேன்.

பிப்ரவரி 8, ஞாயிறு, இரவு 8:00

ஐயா தாமே சோதனை செய்திருக்கிறார். பிடோக்கில் அவர் புளோக்கின் கீழே, கல் மேசையில், கண்ணாடி மட்டும் போட்டுக்கொண்டு, ஒரு மணி நேரம். எனக்கு அனுப்பிய குறிப்பை அவர் அனுமதியோடு இங்கே போடுகிறேன்:

“பூனை ஒன்று. பணிப்பெண் தள்ளிய சக்கர நாற்காலி ஒன்று. தபால்காரர் இல்லை. தூணில் ஒட்டிய அறிவிப்பில் எழுத்துப் பிழை இரண்டு. ஒரு மணி நேரம் என்று நினைத்து எழுந்தேன், ஒரு மணி பதினைந்து நிமிடம் ஆகியிருந்தது. அது சினிமா என்று நான் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.”

சரிங்க ஐயா.

கேமரா 11-க்கு முன்னால் ஒரு சிலந்தி இருந்தது, சொல்ல மறந்துவிட்டேன். இரவில் கேமரா தன் கண்ணுக்குத் தெரியாத ஒளியைப் போட்டதும் அந்தச் சூட்டுக்கும் பூச்சிகளுக்கும் வந்துவிடும். லென்சுக்கு இரண்டு விரற்கடைதான் தூரம், அதனால் குப்பை அறைக் கதவை மறைத்துக்கொண்டு கட்டம் முழுக்க எட்டு வெள்ளைக் கால். நேற்று காலை டெக்னீஷியன் வந்து துடைத்துவிட்டுப் போனார். ராத்திரி கதவு தெளிவாகத் தெரிந்தது. 3:10-க்கு மூலையில் ஒரு நூல் ஆடியது, காற்றில் எங்கிருந்தோ வந்து ஒட்டியது. நான் புத்தகத்தில் ‘எல்லாம் சரி’ என்று எழுதிவிட்டு நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டேன்.